ஒத்திகையே இல்லாத வள்ளி திருமணம்: விழாக் கமிட்டியினருக்கு ஒரு பரிந்துரை

காவேரிப்பட்டணத்துக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊர் மாரியம்மன் திருவிழாவில் இந்த ஆண்டு வள்ளி திருமணம் ஸ்பெஷல் நாடகம் வைத்தோம். எங்கள் பகுதிக்குத் தெருக்கூத்துதான் சொந்தம். திரௌபதி அம்மன் கோயிலில் பாரதக் கூத்து பார்த்து வளர்ந்த பெரியவர்கள், “உட்கார்ந்து பாட்டுக் கேட்பதற்கா இவ்வளவு செலவு?” என்று கமிட்டிக் கூட்டத்தில் மறுத்தார்கள். செலவழித்த பணம் வீண்போகவில்லை என்று உறுதியாகச் சொல்கிறேன்.

ஸ்பெஷல் நாடகத்தில் நிரந்தரக் குழு கிடையாது. தேதி சொல்லி முன்பணம் கொடுத்தால் ராஜபார்ட் (நாயகன்), ஸ்திரீபார்ட் (நாயகி), நாரதர், பபூன் (கோமாளி), டான்ஸ் (ஆடும் பெண்), ஆர்மோனியம், மிருதங்கம், ஆல்ரவுண்ட் (பல தாளக் கருவிகளை வாசிப்பவர்) என்று ஏஜெண்டு தனித்தனியாக அமர்த்தித் தருவார். எங்களுக்கு வந்த முருகன் மதுரைப் பக்கம். வள்ளி புதுக்கோட்டைப் பக்கம். மேடைக்குப் பின்னால் கீற்றுக் கொட்டகையில் அரிதாரம் பூசும்போதுதான் இருவரும் முதன்முறையாகப் பார்த்துக்கொண்டார்கள். “எந்தக் கட்டையில் பாடுவீங்க அண்ணே?” என்று அந்தப் பெண் சுருதியைக் கேட்டதோடு சரி. ஒத்திகை அவ்வளவுதான்.

அப்படிப்பட்டவர்கள் விடிய விடிய இழை அறுபடாமல் நாடகம் நடத்த முடிகிறதென்றால் அதற்குக் காரணம் நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள். 1867-இல் தூத்துக்குடிக்கு அருகே காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். பழனி தண்டபாணி சுவாமிகளிடம் தமிழ் படித்தார். உப்புப் பண்டகசாலையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தவர், 24 வயதில் அதை விட்டுவிட்டு நாடகத்துக்கு வந்தார். இரணியன், எமதருமன், சனீஸ்வரன் வேடங்களில் நடித்தார். பிறகு கஞ்சிரா மேதை புதுக்கோட்டை மான்பூண்டியா பிள்ளையிடம் லய நுணுக்கங்களைக் கற்றார். சுவாமிகளின் பாட்டுகளில் சொல்லும் தாளமும் பிசகாமல் சேர்ந்து நடப்பதைக் கேட்கும்போது அந்தப் பயிற்சி தெரிகிறது. வள்ளி திருமணம் போன்ற நாடகங்களுக்குப் பாட்டையும் வசனத்தையும் எழுதி வரையறுத்துக் கொடுத்தார்; அந்தப் பாடத்தை மனப்பாடம் செய்தவர்கள் எந்த ஊரிலிருந்து வந்தாலும் சேர்ந்து நடிக்கலாம். 1918-இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கிச் சிறுவர்களுக்குப் பயிற்சி அளித்தார், பின்னாளில் நாடகத்தில் புகழ்பெற்ற டி.கே.எஸ். சகோதரர்கள் அங்கே பழகியவர்கள்தாம். அந்தச் சபைக்காக அபிமன்யு சுந்தரி நாடகத்தைப் பாட்டும் வசனமுமாக ஒரே இரவில் எழுதி முடித்தார் என்பதை நினைத்தால் இன்றும் எனக்கு மெய்சிலிர்க்கிறது. 1922-இல் புதுச்சேரியில் காலமானார்.

இனி அன்றைய இரவு. இரண்டு பெஞ்சுகளை அடுக்கிப் பரண் கட்டியிருந்தோம். வள்ளி அதில் ஏறித் தினைப்புனத்தில் பறவை விரட்டும் ஆலோலம் பாடியபோது, மாங்காய் லோடு ஏற்றிவிட்டு அலுப்போடு வந்தவர்கள்கூட நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். பிறகு தர்க்கம், அதாவது பாட்டிலேயே நடக்கும் வாக்குவாதம். வேடனாக வந்த முருகன், தப்பி ஓடிய மானைக் கேட்டு வம்பு வளர்க்க, வள்ளி தாளமில்லாமல் இழுத்துப் பாடும் விருத்தத்திலேயே மடக்கினார். ஓர் இடத்தில் ராஜபார்ட்டுக்கு அடுத்த அடி வரவில்லை. கண் இமைக்கும் நேரம்தான். ஆர்மோனியக்காரர் தலையைத் தூக்காமலே அந்த அடியின் முதற்சொல்லைச் சுருதியோடு எடுத்துக் கொடுத்தார்; முருகன் அதைப் பிடித்துக்கொண்டு மேலே போனார். பாடம் அவருக்கும் மனப்பாடம்! வீட்டில் தெலுங்கு பேசும் என் பக்கத்துக் களத்துக்காரர், “விருத்தம் முழுக்கப் புரியலைங்க, ஆனா வள்ளிதான் ஜெயிக்கிறான்னு தெரியுது” என்றார்.

குறைகளையும் சொல்ல வேண்டும். பபூனும் டான்ஸும் நள்ளிரவு தாண்டியும் சினிமாப் பாட்டிலேயே ஓட்டினார்கள். பேச்சில் இரட்டை அர்த்தம் வேறு. பெண்கள் முகம் சுளித்தார்கள். அதனால் நாரதர்–வள்ளி தர்க்கம் பாதியாகக் குறைந்துபோனது எனக்குப் பெரிய வருத்தம். மைக் செட்டில் எக்கோவைக் கூட்டி வைத்திருந்ததால் முதல் ஒரு மணி நேரம் சொற்கள் காதில் விழவில்லை. பாட்டு எழுதியவர் சொல்லுக்குச் சொல் உழைத்திருக்கிறார். அது கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டாமா? எக்கோவை எடுக்கச் சொல்லி நானே போய் நின்றேன்.

ஆகவே முன்பணம் கொடுக்கும்போதே பபூன், டான்ஸ் நேரத்தைப் பேசி முடித்துவிடுங்கள். சினிமாப் பாட்டு வேண்டாம், சுவாமிகள் பாட்டு போதும் என்று அழுத்திச் சொல்லுங்கள். பாடத் தெரிந்த கலைஞர்கள் அதைக் கேட்டு மகிழ்ச்சியடைவார்கள். பேசிய தொகைக்கு மேல் ஒருவரும் ஒரு ரூபாய் கேட்கவில்லை. அடுத்த ஆண்டுக்குப் பவளக்கொடி நாடகம் சொல்லியிருக்கிறோம். மற்றவர்கள் யாராக இருந்தாலும் சரி, அந்த ஆர்மோனியக்காரர் கட்டாயம் வர வேண்டும் என்று ஏஜெண்டிடம் இப்போதே சொல்லிவிட்டோம்.