ஸ்டே வாங்கிய பிறகு போக வேண்டிய வக்கீல் ஆபீஸ் (5-க்கு 3.5)

பெயர் போடவில்லை, வழக்கு இன்னும் நடக்கிறது. எங்கள் ஊர் கோர்ட்டுக்குப் பின்தெருவில் மாடியில் இருக்கிற ஆபீஸ், அவ்வளவுதான் சொல்ல முடியும்.

எங்கள் வீட்டுக்குப் போகிற பாதையை மறித்துப் பக்கத்து இடத்துக்காரர் சுவர் வைக்கப் பார்த்தார். முதலில் வேறொரு வக்கீல் மூலம் வழக்குப் போட்டு இரண்டே வாரத்தில் இடைக்காலத் தடை வாங்கினோம். அந்த உத்தரவை லேமினேட் செய்து வைத்துக்கொண்டேன், அவ்வளவு நம்பிக்கை. சட்டத் தமிழில் அதற்கு உறுத்துக் கட்டளை என்று பெயர், ஆனால் அது தானாகப் போய் யாரையும் உறுத்தாது என்பது ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம்தான் தெரிந்தது. கோர்ட் முடிந்த நேரம் பார்த்து ஹாலோ பிளாக் லாரி வந்து நின்றது. சனி, ஞாயிறு இரண்டு நாளில் மூன்று வரிசை எழும்பிவிட்டது. ஸ்டேஷனுக்கு ஓடினால் "இது சிவில் மேட்டர் சார், கோர்ட்லயே பார்த்துக்கங்க" என்கிறார்கள். கோர்ட் உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு நிற்பவனிடம்! புகார் கொடுத்ததற்கு ஸ்டேஷனில் தருகிற சி.எஸ்.ஆர். ரசீதை மட்டும் விடாமல் கேட்டு வாங்கினேன், பின்னால் அது உதவியது. முதல் வக்கீல் போனை எடுக்கவே இல்லை.

அப்புறம்தான் இந்த ஆபீஸ். வக்கீல் அம்மா என் கதையைப் பாதியிலேயே நிறுத்திவிட்டு இரண்டே கேள்வி கேட்டார். சுவர் கட்டிய தேதியில் தடை உயிரோடு இருந்ததா, எதிராளிக்கு அது தெரியும் என்று எதை வைத்துச் சொல்வீர்கள்? எதிர்த்தரப்பைக் கேட்காமல் கொடுக்கிற தடை பெரும்பாலும் அடுத்த வாய்தா வரைக்கும்தான், ஒவ்வொரு முறையும் நீட்டிப்பு வாங்க வேண்டும், இடையில் விட்டுப்போன நாளில் அவர் கோட்டையே கட்டினாலும் உத்தரவை மீறியதாகாது என்றார். அப்படித் தடை வாங்கியவர் மனு, அஃபிடவிட் நகல்களை எதிராளிக்கு உடனே பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, அன்றைக்கோ மறுநாளோ அப்படி அனுப்பியதாக ஒரு அஃபிடவிட் தாக்கல் செய்ய வேண்டுமாம். நல்லவேளையாக முதல் வக்கீல் ஆபீஸில் அனுப்பியிருந்தார்கள். 'வாங்க மறுத்துவிட்டார்' என்று தபால்காரர் எழுதிய கவர் பழைய வழக்குக் கட்டிலேயே கிடந்தது. நான் கிழிக்கப் போனேன், கையைப் பிடித்துத் தடுத்தார். பிரிக்காத கவர்தான் சாட்சியாம்.

நேராகக் கடப்பாரை எடுத்துச் சுவரை இடித்துவிடலாமா என்று கேட்டதற்கு, "இடிச்சா நாளைக்கு நீங்கதான் அக்யூஸ்ட்" என்றார். பதிலாக மூன்று மனு போட்டார். சுவர் இப்போது எந்த நிலையில் நிற்கிறது என்று நேரில் பார்த்து அறிக்கை கொடுக்க, கோர்ட் நியமிக்கிற வக்கீல் கமிஷனர் கேட்டு ஒன்று, சிவில் நடைமுறைச் சட்டத்தின் 151-ஆவது பிரிவில் போலீஸ் பாதுகாப்பு கேட்டு ஒன்று, அதே சட்டத்தின் கட்டளை 39 விதி 2ஏ-இல் உத்தரவை மீறியதற்காக ஒன்று. தடையைச் செயல்படுத்த போலீஸ் உதவிக்கு உத்தரவிடலாம் என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது என்று அந்தத் தீர்ப்பையும் இணைத்திருந்தார்.

2ஏ பற்றி மட்டும் ஆசை காட்டவில்லை, அது எனக்குப் பிடித்தது. மூன்று மாதம் வரை சிவில் சிறை, சொத்து ஜப்தி எல்லாம் சட்டத்தில் இருக்கிறது, ஆனால் விசாரணை, சாட்சி, குறுக்கு விசாரணை எல்லாம் முடிந்துதான் அங்கே போகும், நாளைக்கே உள்ளே தள்ளிவிடலாம் என்று நினைத்துக்கொண்டு வராதீர்கள் என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டார்.

கமிஷனர் சர்வேயரோடு வந்து, எஃப்.எம்.பி. என்கிற நில அளவை வரைபடத்தை விரித்து வைத்து, டேப் பிடித்து அளந்தார். காயாத சிமென்ட்டைக்கூட விரலால் சுரண்டிப் பார்த்துக் குறிப்பு எழுதினார். போலீஸ் பாதுகாப்பு உத்தரவும் கிடைத்தது. அதே ஸ்டேஷன், அதே ஏட்டு, இந்த முறை உத்தரவில் ஸ்டேஷன் பெயர் இருந்ததால் பைக்கை எடுத்துக்கொண்டு உடனே கிளம்பினார். வேலை அன்றோடு நின்றது.

ஒன்றரை மார்க் ஏன் குறைத்தேன் என்றால், ஒரு வாய்தாவில் நீதிபதி விடுப்பு, நீட்டிப்பு பதிவாகாததை இவர்களும் கவனிக்கவில்லை. இ-கோர்ட்ஸ் ஆப்பில் ஒவ்வொரு வழக்குக்கும் தனியாக இருக்கிற 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டுப் பார்த்து நான்தான் போன் செய்தேன். கேட்டதும் பதறி அன்றைக்கே மனு போட்டார்கள், அது வேறு விஷயம். குமாஸ்தா பேட்டா, ஜெராக்ஸ், டைப்பிங் என்று வாங்குகிற சில்லறைக்கு ரசீது கிடையாது. வக்கீல் ஃபீஸ் 25,000, அதை மட்டும் தவணையில் வாங்கிக்கொண்டார்கள்.

இருக்கிற மூன்று வரிசையை எடுக்கச் சொல்லி அப்புறம் போட்ட மனுவும் 2ஏ மனுவும் நிலுவையில் இருக்கின்றன. கல்லில் பாசி பிடித்துவிட்டது, சைக்கிளை மட்டும் சாய்த்து உள்ளே தள்ளலாம். ஆபீஸுக்குப் போவதென்றால் சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் போங்கள், வாய்தா தேதிகளை ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு. வண்டி நிறுத்த இடமில்லை, கீழே டீக்கடையில் சொல்லிவிட்டு விடலாம்.