பிருந்தாவனி வஸ்திரத்தின் மாதிரியில் நெய்த சுவர்த்தொங்கல்: ஒரு மதிப்பீடு

அசாமிலிருந்து இயங்கும் ஓர் இணையக் கைத்தறிக் கடையில், கண்ணனின் லீலைகளை உருவங்களாக நெய்த அசாமியப் பட்டுத் துணியான பிருந்தாவனி வஸ்திரத்தைப் பார்த்து நெய்ததாக விளம்பரப்படுத்தப்பட்ட சுவர்த்தொங்கல் ஒன்றை 14,500 ரூபாய் கொடுத்து வாங்கினேன். கடையின் பெயரைச் சொல்லாமல் விடுகிறேன். துணியின் நீளம் இரண்டு மீட்டர், அகலம் முக்கால் மீட்டர். அசாமியர் 'பாட்' என்று சொல்லும் மல்பெரிப் பட்டில் நெய்யப்பட்டது.

பட்டின் தரத்தையோ சாயத்தையோ மட்டும் வைத்து இந்தத் துணியை மதிப்பிட முடியாது. வைணவ பக்தி இயக்கத்தின் தலைவரும் கவிஞரும் நாடகாசிரியருமான சங்கரதேவர், 16ஆம் நூற்றாண்டில் கோச் அரசர் நரநாராயணனின் தம்பி சிலாராயின் விருப்பத்துக்கிணங்க, பர்பேட்டாவுக்கு அருகிலுள்ள தாந்திகுச்சி நெசவாளர்களைக் கொண்டு கண்ணனின் பிருந்தாவன லீலைகளைத் துணியில் நெய்வித்தார் என்று சரித நூல்கள் சொல்கின்றன. அந்த முதல் துணி கிடைக்கவில்லை. இன்று பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கும், ஒன்பது மீட்டருக்கும் நீளமான வஸ்திரம் அந்த மரபில் 17ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் நெய்யப்பட்டது. பிரிட்டிஷ் அதிகாரி யங்ஹஸ்பண்டின் திபெத் படையெடுப்போடு சென்ற 'தி டைம்ஸ்' நிருபர் பெர்சிவல் லாண்டன் அதைத் திபெத்தில் பெற்றார். அவரிடமிருந்து 1905இல் அது அருங்காட்சியகத்துக்கு வந்தது. பன்னிரண்டு பட்டைகளை ஒன்றாகத் தைத்துத் திபெத்தியர் அதை ஒரு தொங்கலாக ஆக்கியிருந்தனர். ஆக, அதைச் சுவரில் மாட்டுவது நம் காலத்துக் கடைக்காரரின் கற்பனை அல்ல.

நெசவைப் பொறுத்தவரை என் கருத்து பெரும்பாலும் சாதகமானது. மூலத் துணி லாம்பாஸ் என்ற முறையில் நெய்யப்பட்டது. அம்முறையில் துணியின் தரையை நெய்யும் பாவும் (நீளவாக்கு இழை) ஊடையும் (குறுக்கிழை) போக, உருவங்களுக்கான வண்ண ஊடைகளைப் பிடித்துக் கட்டுவதற்கென்றே மெல்லிய இரண்டாவது பாவு ஒன்று தறியில் ஓடும். நான் வாங்கியதில் அந்த இரண்டாவது பாவு இல்லை. துளையிட்ட அட்டைகளால் உருவங்களை அமைக்கும் ஜக்கார்டு தறியில், கூடுதல் ஊடையால் உருவங்களை எடுத்திருக்கிறார்கள். துணியைத் திருப்பினால் பின்புறத்தில் தளர்வாக மிதக்கும் இழைகளைக் காணலாம். விரல் நகம் பட்டால் அவை சிக்கும் என்பதால் பின்பக்கம் ஒரு பருத்தித் துணியை வைத்துத் தைத்துக்கொள்வது நல்லது. இந்த விலைக்கு லாம்பாஸை எதிர்பார்ப்பது நியாயமில்லை என்பதையும், அச்சிட்ட துணியை நெசவென்று விற்கும் கடைகளுக்கு நடுவே இவர்கள் உண்மையிலேயே நெய்து தந்திருக்கிறார்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். சிவப்புத் தரை ஆழமாக இருக்கிறது. ஈரப் பருத்தியால் ஓரத்தில் தேய்த்துப் பார்த்தேன்; சாயம் ஒட்டவில்லை.

உருவங்களில் காளியன் மீது ஆடும் கண்ணன் மிக நன்றாக வந்திருக்கிறான். கொக்கு வடிவில் வந்த பகாசுரனின் அலகைப் பிளக்கும் காட்சியும் தெளிவு. காட்டுத்தீயை விழுங்கும் காட்சியைத்தான் இரண்டு முறை உற்றுப் பார்த்த பிறகே கண்டுகொண்டேன்.

என் குறை எழுத்துகளைப் பற்றியது. லண்டன் வஸ்திரத்தில் படங்களோடு எழுத்தும் நெய்யப்பட்டிருக்கிறது. சங்கரதேவரின் 'காளிய தமன' நாடகத்திலிருந்து சில வரிகள் அதில் உள்ளன. ஒரு புலவர் தன் நூலையும் தறியையும் ஒன்றாக்கிய மரபு அது. அந்தத் துணியைப் பார்க்கலாம், படிக்கவும் செய்யலாம். என் தொங்கலின் கரையில் எழுத்து வரிசை இருக்கிறது, ஆனால் அதைப் படிக்க முடியாது. அசாமிய நண்பர் ஒருவரிடம் காட்டினேன். பாதி எழுத்துகள் வெறும் கோடுகள் என்றார். மீதியில் 'ர' வரும் இடங்களிலெல்லாம் அடியில் புள்ளி வைத்த வங்காள வடிவம் இருப்பதைச் சுட்டிக்காட்டினார். அசாமிய 'ர'வுக்கு அடிப்புள்ளி கிடையாது, உள்ளே ஒரு சாய்கோடுதான் உண்டு. யாரோ கணினியில் கைக்குக் கிடைத்த எழுத்துருவைப் போட்டு ஜக்கார்டு அட்டைக்கு அனுப்பியிருக்க வேண்டும். கரைக்கு ஒரு கொடி வேலைப்பாடு போதும் என்று நினைத்திருந்தால் அதையே நெய்திருக்கலாம். எழுத்தைப் போல ஒன்றை நெய்வதுதான் உறுத்துகிறது.

கூடவே வந்த துண்டுச் சீட்டிலும் இதே அசட்டை. லண்டனில் இருப்பது சங்கரதேவரே நெய்த 'மந்திரத் துணி' என்று அச்சிட்டிருக்கிறார்கள். அவர் 1568இல் மறைந்தவர்; லண்டன் துணி அதற்கு ஒரு நூற்றாண்டுக்கும் பிந்தியது. முதல் துணியை நெய்த தாந்திகுச்சிக்காரர்களைப் பற்றியோ, அவர்களை மேற்பார்த்த மதுராதாஸைப் பற்றியோ ஒரு வரிகூட இல்லை. கைத்தறிக் கடையே நெசவாளரை மறந்தால் எப்படி?

பொட்டலம் ஒன்பதாம் நாள் வந்தது. மூங்கில் குழாயில் சுருட்டி அனுப்பியிருந்ததால் மடிப்பு விழவில்லை. வரவேற்பறைக்கு அழகான பட்டுத் தொங்கல் தேடுகிறவர்கள் தயங்காமல் வாங்கலாம். மூலத்தை அறிந்தவர்கள், கரையை நெருக்கமாகப் படமெடுத்து அனுப்பச் சொல்லிப் பார்த்துவிட்டுப் பணம் செலுத்துங்கள். எழுத்துப் பிழையைக் குறித்துக் கடைக்கு எழுதினேன். இப்போது தறியில் உள்ள பாவு தீர்ந்ததும் அட்டையை மாற்றுவதாக இரண்டு நாளில் பதில் வந்தது. திருப்பி அனுப்பும் எண்ணத்தைக் கைவிட்டு, கரைப்பகுதி உள்ளே மடிந்திருக்கும்படி இதை மாட்டியிருக்கிறேன்.