உருளுவதா, ஓடுவதா: கையில் எடுக்க எந்த ஐசோபொட்?

“சித்தப்பா, இது செத்துப்போச்சு” என்று பெறாமகள் உள்ளங்கையை நீட்டினாள். மிளகளவில் ஒரு சாம்பல் உருண்டை. “பொறு பிள்ளை, ஊதாதே” என்றேன். கொஞ்ச நேரத்தில் உருண்டையில் ஒரு கோடு விழுந்தது. இரண்டு உணர்கொம்பு வெளியே வந்தது, பிறகு 14 கால்களும்.

அது கியூபாரிஸ் மூரினா, சருகுக்குள் வாழும் ஐசோபொட் என்ற சிற்றுயிர்களில் உருளும் வகை. பக்கத்துப் பேணியில் இருப்பது போர்செலியோனிடெஸ் புரூயினோசஸ். அதற்கு உருளத் தெரியாது, ஓடத்தான் தெரியும். இரண்டும் பூச்சி இல்லை, றாலுக்கும் நண்டுக்கும் சொந்தம். வயிற்றடியில் இருக்கும் சுவாச உறுப்பு ஈரமாக இருந்தால்தான் மூச்சு. காய்ந்த கையில் நெடுநேரம் வைத்திருக்கக் கூடாது என்பது இதனால்தான்.

கையில் எடுக்க உருளும் வகைதான், சந்தேகமே இல்லை. பயந்தால் சுருண்டுகொள்ளும், சுருண்டால் உடல் ஈரமும் குறைவாகவே போகும். ஓடும் வகையின் மேல் நீலச்சாம்பல் மா பூசியதுபோல ஒரு படிவு உண்டு, விரல் பட்டால் அது அழியும். பிடிக்கப்போனால் கை நசுக்கிவிடும், விட்டால் சட்டைக் கைக்குள் போய்விடும்.

எதுவானாலும் விரலால் கிள்ளி எடுக்காதீர்கள். முன்னால் ஒரு சருகை வையுங்கள், தானாக ஏறும். நுளம்புத் தைலம் பூசிய கை கூடவே கூடாது. நிலத்தில் இருந்து, மடியில் ஒரு தட்டு வைத்துக்கொண்டு பாருங்கள். பின்பாதி வெளிறி, முன்பாதி கறுத்து நின்றால் தோல் கழற்றுகிறது என்று அர்த்தம். பின்பக்கம் முதலில் கழலும், முன்பக்கம் பிறகு. அந்த நாட்களில் மூடியே திறக்காதீர்கள்.

வளர்ப்பில் கதை மாறுகிறது. சித்திரை வெக்கையில் என் உருளிகள் பாதி போய்விட்டன. தகரக் கூரை அறையில் வைத்த என் பிழைதான். ஓடிகள் அதே அறையில் பெருகிக்கொண்டிருந்தன. இப்போது இரண்டு பேணியும் மண்குடத்துக்குப் பக்கத்தில், காற்றோட்டத்துக்குத் துளையோடு இருக்கின்றன. உள்ளே போட்ட தென்னந்தும்பில் ஒரு பக்கம் ஈரம், மறுபக்கம் காய்ந்தது. உருளிக்கு ஈரப்பக்கத்தைக் கொஞ்சம் கூட விடுகிறேன்.

தீனிச் செலவு இரண்டுக்கும் ஒன்றுதான், அதாவது ஒன்றுமில்லை. பலா, பூவரசஞ் சருகு போதும். வெங்காயத் தோட்டப் பக்கம் பொறுக்காதீர்கள், மருந்தடித்திருப்பார்கள். ஓடு கெட்டியாகக் கல்சியம் வேண்டும். கேத்தலில் வெள்ளை படிய வைக்கும் எங்கள் கிணற்றுத் தண்ணீரை மட்டும் நம்பாமல் கடற்கரையில் ஒதுங்கும் கணவாய் ஓட்டைக் கழுவிப் போடுகிறேன்.

பெறாமகளுக்கு உருளிப் பேணியைக் கொடுத்துவிட்டேன். ஓடிப் பேணியில் பூசணித் துண்டைத் தூக்கி, அடியில் எத்தனை என்று எண்ண மட்டும் அனுமதி. போன கிழமை 40 வரை எண்ணிக் கணக்கை விட்டுவிட்டாள்.