ஊரில் இருக்கும் ரெக்டரா, உலகம் அறிந்த ரெக்டரா?

2014 பிப்ரவரியில் கிளாஸ்கோ பல்கலைக்கழக மாணவர்கள், அமெரிக்க அரசின் ரகசியக் கண்காணிப்பை வெளியே சொன்ன எட்வர்ட் ஸ்னோடனைத் தங்கள் ரெக்டராகத் தேர்ந்தெடுத்தார்கள். அப்போது நான் அங்கே எம்.எஸ்ஸி. படித்துக்கொண்டிருந்தேன், எனக்கும் ஓட்டு இருந்தது. போட்டியில் நான்கு பேர்: மாஸ்கோவில் தஞ்சம் புகுந்திருந்த ஸ்னோடன், எழுத்தாளர் ஆலன் பிஸெட், சைக்கிள் வீரர் கிரேம் ஓப்ரீ, செயின்ட் மேரிஸ் கதீட்ரலின் தலைமைக் குருவான கெல்வின் ஹோல்ட்ஸ்வொர்த். என் ஓட்டு ஹோல்ட்ஸ்வொர்த்துக்கு. அவருடைய தேவாலயம் கிரேட் வெஸ்டர்ன் ரோட்டில், பல்கலைக்கழகத்திலிருந்து நடந்து போகிற தூரத்தில் இருந்தது. நான் அவருக்குப் போட்டதற்கு முக்கியக் காரணமே அந்த நடைதூரம்தான். ஸ்காட்லாந்துக்குப் படிக்கப் போகும் தம்பி தங்கைகள் யாருக்குப் போடலாம் என்று கேட்டால் இன்றும் அதையேதான் சொல்கிறேன். ஏன் என்று கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

முதலில் அந்தப் பதவி என்னவென்று சுருக்கமாகப் பார்த்துவிடலாம். ஸ்காட்லாந்தில் செயின்ட் ஆண்ட்ரூஸ், கிளாஸ்கோ, அபர்டீன், எடின்பரோ ஆகிய நான்கு பழைய பல்கலைக்கழகங்களிலும், 1967ல் செயின்ட் ஆண்ட்ரூஸிலிருந்து பிரிந்த டண்டீயிலும் ரெக்டர் உண்டு. நம் ஊர் வேந்தரைப் போல பட்டமளிப்புக்குத் தலைமை தாங்க அங்கே வேறொருவர் இருக்கிறார். துணைவேந்தர் வேலையைச் செய்பவர் பிரின்சிபல். ரெக்டர் இந்த இருவரிலும் சேராதவர். மாணவர்கள் ஓட்டுப் போட்டு மூன்று ஆண்டுக்கு அனுப்புகிற ஆள் (எடின்பரோவில் மட்டும் ஊழியர்களும் ஓட்டுப் போடுகிறார்கள்). பணம், நிலம், கட்டடம், நியமனம் எல்லாவற்றுக்கும் கடைசிக் கையெழுத்து வைக்கிற ஆட்சிமன்றத்துக்குக் கோர்ட் என்று பெயர். அந்தக் கோர்ட்டுக்குத் தலைமை தாங்கும் உரிமையை 1858ல் வந்த சட்டம் ரெக்டருக்குக் கொடுத்தது. தமிழ்நாட்டில் மாணவர்கள் ஓட்டுப் போட்டு இப்படி ஒருவரைச் சிண்டிகேட்டின் தலைமை நாற்காலியில் உட்கார வைப்பதைக் கற்பனை செய்து பாருங்கள். நான் இதை இவ்வளவு பெரிய விஷயமாக நினைப்பது ஏன் என்று புரியும்.

இந்த நாற்காலிக்கு வருகிறவர்கள் இரண்டு வகை. உலகமே அறிந்த பெயர் ஒரு வகை. அங்குள்ளவர்கள் ‘வொர்க்கிங் ரெக்டர்’ என்று சொல்லும், கூட்டத்துக்கு வந்து வேலை பார்க்கிற ஆள் இன்னொரு வகை.

உலகப் பெயரின் பக்கம் இருக்கிற நியாயம் சின்னதல்ல. 1962ல் கிளாஸ்கோ மாணவர்கள் நிறவெறியை எதிர்த்த தலைவர் ஆல்பர்ட் லுத்துலியைத் தேர்ந்தெடுத்தார்கள். நிறவெறி அரசின் தடையால் அவர் தென்னாப்பிரிக்காவை விட்டு வர முடியவில்லை. வர முடியாதவர் என்பதாலேயே அந்த ஓட்டுக்கு அர்த்தம் கூடியது. 1987ல் அதே போராட்டத்தின் வின்னி மண்டேலா. 2004 டிசம்பரில் மொர்தெகாய் வனுனு. இஸ்ரேலின் அணு ஆயுதத் திட்டத்தை வெளியே சொன்னதற்காக 18 ஆண்டு சிறையில் இருந்துவிட்டு, வெளியே வந்தும் நாட்டை விட்டுப் போக அனுமதி கிடைக்காதவர். பத்து ஆண்டு கழித்து ஸ்னோடன். ஒரு பல்கலைக்கழகத்தின் மாணவர்கள் சேர்ந்து, சிறைப்பட்ட அல்லது துரத்தப்பட்ட ஒருவரைப் பார்த்து ‘இவர் எங்கள் ஆள்’ என்று சொல்வதில் ஒரு கம்பீரம் இருக்கிறது. என் வகுப்பில் ஸ்னோடனுக்குப் போட்டவர்களோடு நிறையப் பேசியிருக்கிறேன். யாரும் விளையாட்டுக்குப் போடவில்லை.

பிரபலம் என்ற ஒரே காரணத்துக்காகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. நடிகர் ராஸ் கெம்ப் 1999ல் கிளாஸ்கோ ரெக்டர் ஆனார். சரியாக வருவதில்லை என்று மாணவர் பேரவையே விலகச் சொன்னதால் அடுத்த ஆண்டே விலகினார். எடின்பரோவில் பத்திரிகையாளர் மால்கம் மகரிஜ் கதை வேறு. பல்கலைக்கழக மருத்துவ மையத்தில் கருத்தடை மாத்திரை வேண்டும் என்று மாணவர்கள் கேட்டபோது, அதை ஏற்க மனமில்லாமல் 1968ல் பதவியை விட்டுப் போனார். பெயரைப் பார்த்து ஓட்டுப் போடும்போது அந்த மனிதரின் கருத்துகளும் கூடவே வருகின்றன.

சரி, இனி நான் சாய்கிற பக்கம்.

கோர்ட்டில் இருபது பேருக்கு மேல் உட்காருகிறார்கள். ஆண்டுக்குச் சில முறைதான் கூடுகிறது. கூட்டத்துக்குச் சில நாள் முன்னால் தடித்த கோப்பு ஒன்று வந்து சேரும். நிதிக் குழு, கட்டடக் குழு, தணிக்கைக் குழு என்று ஒவ்வொன்றையும் தாண்டித்தான் ஒரு தீர்மானம் கோர்ட்டுக்கு வருகிறது. அதாவது அது மேசைக்கு வரும்போது பெரும்பாலும் முடிவாகிவிட்டிருக்கும். அந்த நேரத்தில் ஒருவர் கையைத் தூக்கி எதிர்த்தால் குறிப்பேட்டில் பதிவாகும், அவ்வளவுதான். மாற்ற வேண்டுமானால் இரண்டு மாதம் முன்பே தெரிய வேண்டும், யாரிடம் பேசினால் நகரும் என்று தெரிய வேண்டும், பிரின்சிபலைப் பார்க்க நேரம் வாங்க வேண்டும், மாணவர் பேரவை அலுவலகத்தில் உட்கார்ந்து கணக்கைப் புரிந்துகொள்ள வேண்டும். கூட்ட நாளில் மட்டும் ரயிலில் வந்து இறங்குகிறவரால்கூட இது முடியாது என்றால், மாஸ்கோவில் இருப்பவரால் எப்படி முடியும்?

ஸ்னோடனின் மூன்று ஆண்டுகளில் கிளாஸ்கோவில் என்ன நடந்தது என்று பாருங்கள். பல்கலைக்கழகத்தை ஒட்டியிருந்த வெஸ்டர்ன் இன்ஃபர்மரி மருத்துவமனை 2015ல் மூடப்பட்டது. அந்த 14 ஏக்கர் நிலம் பல்கலைக்கழகத்தின் கைக்கு வந்தது. அதைச் சேர்த்துக்கொண்டு 100 கோடி பவுண்டில் வளாகத்தை விரிக்கும் திட்டம் உருவானது. அந்தப் பல்கலைக்கழகம் பல தலைமுறைக்கு ஒருமுறை எடுக்கிற முடிவு இது. அவ்வளவு பணத்தை எங்கே போடுவது, ஆய்வகமா, நூலகமா, மாணவர் தங்குமிடமா, அதைத் திருப்பிக் கட்ட எத்தனை வெளிநாட்டு மாணவர்களைச் சேர்ப்பது என்ற கேள்விகள் எல்லாம் அதற்குள் இருக்கின்றன. மாணவர்களின் ஓட்டால் வந்த நாற்காலி அந்தக் காலம் முழுக்கக் காலியாக இருந்தது. திட்டம் தவறு என்று நான் சொல்லவில்லை. கேட்க வேண்டியதைக் கேட்கும் இடத்தில் ஆள் இல்லை என்கிறேன்.

இதற்கு எதிராக ஒரு வலுவான உதாரணம் இருக்கிறது. அதை மறைப்பது நியாயமில்லை. 2014 அக்டோபரில், ஸ்னோடன் ரெக்டராக இருந்தபோதுதான், நிலக்கரி எண்ணெய் நிறுவனங்களில் போட்ட முதலீட்டைத் திரும்பப் பெறுவது என்று கிளாஸ்கோ கோர்ட் முடிவு செய்தது. சுமார் 1.8 கோடி பவுண்டு. ஐரோப்பாவிலேயே அப்படி முடிவெடுத்த முதல் பல்கலைக்கழகம் அது. மாணவர்கள் ஓராண்டு போராடி வாங்கிய வெற்றி. ரெக்டர் ஊரில் இல்லாமலே நடந்ததே என்று நண்பர்கள் கேட்டார்கள். நடந்ததுதான். பதாகை பிடிக்க ஆள் திரள்கிற விஷயத்துக்கு ரெக்டர் இல்லாமலும் வழி பிறக்கும். ஆள் திரளாத விஷயங்கள்தான் என் கவலை.

என்னைப் போல ஓராண்டுப் படிப்புக்கு வருகிறவனை எடுத்துக்கொள்ளுங்கள். செப்டம்பரில் இறங்குகிறோம், கோடையில் ஆய்வேட்டோடு மல்லுக்கட்டுகிறோம், அப்புறம் விமானம் ஏறிவிடுகிறோம். 2012லேயே படிப்புக்குப் பிறகு வேலை தேடும் விசாவை எடுத்துவிட்டார்கள். அது திரும்ப வந்தது 2021ல்தான். எங்களுக்கு இருந்தது டியர் 4 என்ற மாணவர் விசா. வகுப்புக்கு வருகிறோமா என்று பல்கலைக்கழகம் கண்காணித்தே ஆக வேண்டும். உள்ளூர் மாணவருக்கு இல்லாத விதி, உள்ளூர் மாணவரைவிடப் பல மடங்கு கட்டணம். கட்டணத் தவணை, ஆய்வேட்டு வழிகாட்டிக்கு எத்தனை மாணவர், செப்டம்பருக்கு முன்னால் வந்தால் தங்க இடம் என்று எங்கள் குறைகள் எல்லாம் சில்லறையாகத் தெரியும். இதற்காக யாரும் கட்டடத்தை ஆக்கிரமிக்க மாட்டார்கள். ஒரு குறையை நாங்கள் புரிந்துகொள்ளும்போதே எங்கள் காலம் முடிந்துவிடுகிறது. அடுத்த செப்டம்பரில் வருகிறவர்கள் அதே குறையை முதலிலிருந்து கண்டுபிடிப்பார்கள். இந்த அறுந்து அறுந்து போகிற நூலைப் பிடித்துக்கொண்டு மூன்று ஆண்டு அதே ஊரில் இருக்கிற ஒருவர் வேண்டும்.

ஏன், மாணவர் பேரவைத் தலைவர் இருக்கிறாரே? நல்ல கேள்வி. அவரும் கோர்ட்டில் உட்காருகிறார், சம்பளத்தோடு முழுநேரமும் உழைக்கிறார், மாணவர் நிலைமையை ரெக்டரைவிட நன்றாக அறிவார். எனக்குத் தெரிந்த பேரவைக்காரர்கள் எல்லோரும் கடுமையாக உழைத்தவர்கள். ஆனால் அவருடைய காலம் ஒரு வருடம். கோடையில் பொறுப்பேற்று, கோர்ட் எப்படி நகர்கிறது என்று பனிக்காலத்தில் பிடிபட்டு, வசந்தத்தில் அடுத்தவரைத் தேர்ந்தெடுத்துவிடுவார்கள். அவர் காலம் முடியும்வரை காத்திருந்தே நிர்வாகம் அவரைக் கடந்துவிட முடியும். மூன்று ஆண்டு இருப்பவரை அப்படிக் கடப்பது கஷ்டம். ஓராண்டுத் தலைவரும் மூன்றாண்டு ரெக்டரும் பக்கத்தில் பக்கத்தில் உட்காரும்போதுதான் இரண்டு பதவிக்கும் பலம் வருகிறது என்பது என் கருத்து.

ரெக்டர் வரவில்லையென்றால் அவர் சார்பில் இன்னொருவர் போகலாமே என்பார்கள். 1858 சட்டத்திலேயே ரெக்டர் தன் சார்பில் ஒரு அசெஸரை நியமிக்க இடம் இருந்தது. நல்ல அசெஸர் அமைந்தால் பாதிக் குறை தீரும். ஆனாலும் மாணவர்கள் ஓட்டுப் போட்டது அவருக்கில்லை என்பதை அந்த மேசையில் உள்ள எல்லோரும் அறிவார்கள். தலைமை நாற்காலி எவ்வளவு உறுத்தும் என்று பார்க்க வேண்டுமானால் எடின்பரோவுக்குப் போக வேண்டும். 1971ல் ஜோனதன் வில்ஸ் அங்கே முதல் மாணவ ரெக்டர் ஆனார். அடுத்து 1972ல் வந்தவர் 21 வயது கார்டன் பிரவுன், பின்னாளில் பிரதமரானவர். அவர் உண்மையாகவே தலைமை தாங்க உட்கார்ந்துவிட்டார். அந்த உரிமையைப் பிடுங்க நிர்வாகம் முயன்றது. விவகாரம் நீதிமன்றம் வரை போய், பிரவுன் ஜெயித்தார். மாணவர்கள் ரெக்டராக நிற்கும் வழியைப் பிறகு அடைத்தார்கள். வராத ரெக்டரிடமிருந்து நாற்காலியைப் பிடுங்க எந்த நிர்வாகத்துக்கும் தேவை இருக்காது.

உலகப் பெயரும் ஊரில் இருப்பதும் ஒரே ஆளில் அமைவது அபூர்வம். அமைந்தால் எப்படி இருக்கும் என்பதற்கு 1971ல் கிளாஸ்கோ தேர்ந்தெடுத்த ஜிம்மி ரீட் உதாரணம். கிளாஸ்கோவில் கிளைட் ஆற்றின் கரையில் உள்ள கோவனில் பிறந்து வளர்ந்த கப்பல் கட்டும் தொழிலாளி. கிளைட் கப்பல் கட்டும் தளங்களை மூடவிடாமல், தொழிலாளர்களே உள்ளே இருந்து வேலையைத் தொடர்ந்த போராட்டத்தின் தலைவர்களில் ஒருவர். 1972ல் அவர் ஆற்றிய ரெக்டர் உரையை நியூயார்க் டைம்ஸ் முழுதாக வெளியிட்டது. உலகப் பெயர்தான், ஆனால் ஆற்றின் அந்தக் கரையில் இருந்த ஆள். 2017ல் கிளாஸ்கோ மாணவர்கள் அந்த ஊரிலேயே வழக்கறிஞராக இருக்கும் ஆமர் அன்வரைத் தேர்ந்தெடுத்தபோது எனக்கு மகிழ்ச்சியாக இருந்தது. 2024ல் காசாவில் அறுவை சிகிச்சை செய்த மருத்துவர் கசான் அபு சித்தா சுமார் 80 சதவீத ஓட்டோடு வந்தார். அவர் கிளாஸ்கோவிலேயே மருத்துவம் படித்தவர். அந்தத் தேர்தலில் எனக்கு ஓட்டு இருந்திருந்தால் முடிவெடுக்க ரொம்பவே திணறியிருப்பேன்.

என் வாதத்துக்கு எல்லை உண்டு. நான் கோர்ட் கூட்டத்தில் உட்கார்ந்ததில்லை. சொல்வதெல்லாம் பேரவை நண்பர்கள் வழியாகவும் வெளியிடப்பட்ட குறிப்புகள் வழியாகவும் அறிந்தது. தவிர 2016ல் ஸ்காட்லாந்து நாடாளுமன்றம் கொண்டுவந்த சட்டம், ஊழியர்களும் மாணவர்களும் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கும் இன்னொரு வெளியாளை ஆட்சிமன்றத்தின் பொறுப்புக்குக் கொண்டுவந்தது. ஊழியர் சங்கங்களுக்கும் இடம் கொடுத்தது. ரெக்டர் பதவி தப்பியது. ஆனால் அன்றாடத் தலைமையில் பங்கு குறைந்துவிட்டது. இனி அது வெறும் அடையாளம்தானே, அப்படியானால் உலகப் பெயரையே வைக்கலாம் என்று சிலர் வாதிடுகிறார்கள். எனக்கு இது தலைகீழாகப் படுகிறது. சட்டப்படியான அதிகாரம் குறையக் குறைய, நேரில் இருப்பதால் வருகிற செல்வாக்கு ஒன்றுதான் மிச்சம்.

ஆக, உங்கள் பல்கலைக்கழகத்தில் ரெக்டர் தேர்தல் வந்தால் வேட்பாளரை நேராகவே கேளுங்கள்: எந்த ஊரில் இருக்கிறீர்கள், மாதம் எத்தனை நாள் வளாகத்துக்கு வருவீர்கள், வர முடியாதபோது யாரை அனுப்புவீர்கள், முந்தைய ரெக்டர் பாதியில் விட்டது என்னவென்று தெரியுமா. ஓராண்டுப் படிப்புக்கு வந்தவருக்கு மூன்றாண்டுப் பதவிக்கு ஓட்டுப் போட என்ன உரிமை என்று தயங்க வேண்டாம். அந்த ஓட்டின் பலன் உங்களுக்குக் கிடைக்காது. நீங்கள் காலி செய்த அறைக்கு அடுத்து வருகிறவருக்குக் கிடைக்கும்.