கைக்குள் அடங்கும் நிறமாலைகாட்டி: சுங்கை சிப்புட்டில் ஆறு ஆண்டுப் பயன்பாடு

2019ஆம் ஆண்டின் இறுதியில் எண்பது மலேசிய வெள்ளிக்குள் வாங்கிய கையடக்க நிறமாலைகாட்டியை இன்றும் வாரத்தில் மூன்று நான்கு முறையாவது கையில் எடுக்கிறேன். அது விரல் நீளத்தைவிடச் சற்றே பெரிய ஓர் உலோகக் குழாய். ஒரு முனையில் மயிரிழை போன்ற பிளவும், மறுமுனையில் கண் வைக்கும் துளையும், இடையில் நுண்கோடுகள் நெருங்கி அமைந்து ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் கீற்றணிப் படலமும் இருக்கின்றன. அதற்கு மின்கலமும் வேண்டாம், அதில் அளவுகோலும் கிடையாது. இதற்குத் துணையாக 365 நானோமீட்டர் புற ஊதா டார்ச் ஒன்றும், பழைய இணையக் கேமராவின் முன் மில்லிமீட்டருக்கு 1000 கோடுகள் கொண்ட கீற்றணியைப் பொருத்தி நானே கட்டிய நிறமாலைமானி ஒன்றும் வைத்திருக்கிறேன். படிவம் ஆறு (பல்கலைக்கழகத்துக்கு முந்திய வகுப்பு) மாணவர்களுக்கு இயற்பியல் சொல்லிக் கொடுப்பவன் என்பதால், திண்மப் பொருள்களின் கிளர்வு நிலைகளை, அதாவது ஒளியை வாங்கி எலக்ட்ரான்கள் உயர்ந்து நிற்கும் ஆற்றல் நிலைகளை, வீட்டிலேயே பார்ப்பதற்கு இந்த மூன்றும் எவ்வளவு தூரம் உதவும், எந்த இடத்தில் கைவிடும் என்பதை விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் டார்ச்சைப் பற்றிய குறை. 365 நானோமீட்டர் என்று சொல்லி விற்றார்கள்; புற ஊதாவோடு கண்ணுக்குத் தெரியும் ஊதாவும் வெண்மையும் கலந்தே வெளியே வந்தன. கல் தானாக ஒளிர்கிறதா, டார்ச்சின் ஒளியைத் திருப்பி அனுப்புகிறதா என்று பிரித்தறிய முடியாமல் முதல் நான்கு மாதங்களில் எழுதிய குறிப்புகளை எல்லாம் கிழித்துப் போட வேண்டியதாயிற்று. கண்ணுக்குத் தெரியும் ஒளியைத் தடுத்துப் புற ஊதாவை மட்டும் விடுகிற கறுப்புக் கண்ணாடி வடிகட்டியை வாங்கி முன்னால் பொருத்திய பிறகுதான் இருட்டு உண்மையான இருட்டாயிற்று. வாங்குபவர்கள் வடிகட்டி உள்ள டார்ச்சையே வாங்க வேண்டும்.

இந்தக் கருவி தன் முழுத் திறமையையும் காட்டுவது கெம்புக் கல்லிடம்தான். கெம்பு என்பது அலுமினியம் ஆக்சைடுப் படிகம். இந்தக் கனிமத்துக்கு ஆங்கிலத்தில் வழங்கும் கொரண்டம் என்ற பெயரே தமிழின் குருந்தத்திலிருந்து போனது. தூய குருந்தத்துக்கு நிறம் கிடையாது. சில அலுமினிய அயனிகள் இருக்க வேண்டிய இடத்தில் குரோமிய அயனிகள் உட்கார்ந்துகொள்வதால்தான் அது சிவக்கிறது. குரோமியம் ஊதாவையும் பச்சையையும் அகன்ற பட்டைகளாக விழுங்கி உயர்ந்த கிளர்வு நிலைக்குப் போகிறது. அங்கிருந்து ஆற்றலின் ஒரு பகுதியைப் படிகத்தின் அதிர்வுகளுக்கு வெப்பமாகக் கொடுத்துவிட்டுச் சற்றுக் கீழே உள்ள ஓர் இடைநிலையில் வந்து தங்குகிறது. அந்த இடைநிலையிலிருந்து அடிநிலைக்கு இறங்க வேண்டுமானால் ஓர் எலக்ட்ரானின் தற்சுழற்சி திரும்ப வேண்டும். அது எளிதில் நடக்காது என்பதால் அயனி சில மில்லிநொடிகள் வரை அங்கேயே காத்திருக்கிறது. அணு உலகின் கணக்கில் இது மிக நீண்ட காலம். 1960இல் தியோடர் மெய்மன் உலகின் முதல் லேசரைக் கெம்புத் தண்டில் இயக்கிக் காட்ட முடிந்ததற்கு இந்தக் காத்திருப்பே அடிப்படை.

இறங்கும்போது வெளிவரும் ஒளி 692.9, 694.3 நானோமீட்டர்களில் இரண்டு மெல்லிய கோடுகளாக அமைகிறது. இந்த மாற்றத்தில் தற்சுழற்சி மட்டுமே திரும்புகிறது, எலக்ட்ரான் முகிலின் வடிவம் ஏறக்குறைய அப்படியே இருக்கிறது. ஆகவே அண்டை அணுக்களின் ஆட்டம் அதை அதிகம் பாதிப்பதில்லை, கோடும் கூர்மையாக இருக்கிறது. என் கையடக்கக் கருவியில் 1.4 நானோமீட்டர் இடைவெளி பிரிந்து தெரியாது. இரண்டும் சேர்ந்து, கறுப்புத் திரையில் இழுத்துக் கட்டிய ஒற்றைச் சிவப்பு நூலாகவே நிற்கும். ஆனாலும் பொருளை அறிவதற்கு அந்த நூல் போதும். சிவப்புக் கண்ணாடியில் அந்த நூல் இருக்காது. ஸ்பினல் என்னும் சிவப்புக் கல்லிலும் குரோமியம் உண்டு. அங்கே ஒரு கோட்டுக்குப் பதிலாகப் பல கோடுகள் கூட்டமாக நிற்கும்.

கோவிட் கால நடமாட்டக் கட்டுப்பாடு தளர்ந்த பிறகு ஒரு மாலையில், முன்பு தோட்டத்து லயத்தில் எங்கள் பக்கத்து வீட்டில் இருந்த அத்தை தம் தாயாரின் அட்டிகையைத் துணியில் சுற்றிக் கொண்டு வந்தார். "தம்பி, இதுல கண்ணாடி ஏதும் கலந்திருக்கான்னு பாத்துச் சொல்லுங்க" என்றார். பதினொரு கற்கள், எல்லாம் பின்பக்கம் மூடிய கட்டு. கல்லுக்கு அடியில் வைத்த மினுக்குத் தகட்டால் பகல் வெளிச்சத்தில் பதினொன்றும் ஒரே சிவப்பாகத் தெரிந்தன. சமையலறை விளக்கை அணைத்து டார்ச்சை அடித்ததும், எட்டுக் கற்கள் ஊதிவிட்ட அடுப்புக் கரியாகக் கனன்றன, மூன்று மட்டும் கறுத்துப் போயின. கனன்ற எட்டிலும் அந்த ஒற்றைக் கோடு இருந்தது. கறுத்தவற்றின் மேல் சாதாரண வெள்ளை ஒளியைப் பாய்ச்சி, தகட்டில் பட்டுத் திரும்பியதைப் பார்த்தபோது, இரண்டில் 505, 527, 576 நானோமீட்டர்களை ஒட்டி மூன்று இருண்ட பட்டைகள் தெரிந்தன. அது கார்னெட் என்னும் வேறொரு சிவப்புக் கல்லின் இரும்பு கலந்த வகைக்கு அடையாளம். மீதி ஒன்றில் எதுவும் தெரியவில்லை.

இந்த இடத்தில் கருவியின் எல்லையை அழுத்திச் சொல்லியாக வேண்டும். கோடு தெரிந்தால் குரோமியம் ஏறிய குருந்தம் இருக்கிறது என்று சொல்லலாமே தவிர, அது மண்ணில் விளைந்ததா, உலையில் விளைந்ததா என்று சொல்ல முடியாது. பிரெஞ்சு வேதியியலாளர் வெர்னாய் 1902இல் வெளியிட்ட, தீச்சுடரில் உருக்கும் முறையில் செய்த கெம்பும் அதே கோட்டைத்தான் காட்டும். பெரும்பாலும் இன்னும் பளிச்சென்று காட்டும். மறுபக்கம், இரும்பு மிகுந்த இயற்கைக் கெம்பில் இரும்பு அந்தக் கிளர்வாற்றலை வாங்கி அவித்துவிடுவதால் கல் மங்கியே இருக்கும். ஒளிராத கல்லைப் போலி என்று சொல்லி ஒரு குடும்பத்தின் மனத்தை உடைப்பது பெரிய பிழை. அத்தையிடம் இதையெல்லாம் பொறுமையாகச் சொல்லி, அந்த ஒரு கல்லை நகைக்கல் ஆய்வகத்தில் காட்டும்படி கேட்டுக்கொண்டேன். அவர் குழாயை வாங்கிக் கண்ணில் வைத்துச் சிறிது நேரம் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஆமா தம்பி, செவப்பு நூலாட்டம் நிக்குது" என்றார்.

மாணவர்களுக்கு நான் அடுத்ததாகக் காட்டுவது, சுவரில் ஒட்டும் ஒளிரும் நட்சத்திரங்கள். யூரோப்பியம், டிஸ்புரோசியம் என்னும் தனிமங்கள் சேர்த்த ஸ்ட்ரான்சியம் அலுமினேட்டில் செய்த வகையையே வாங்க வேண்டும். பழைய துத்தநாக சல்ஃபைடு வகை சீக்கிரம் மங்கிவிடும். குழாய் வழியே பார்த்தால் கோடு எதுவும் தெரியாது. 520 நானோமீட்டரை மையமாகக் கொண்ட அகன்ற பச்சைப் பட்டைதான் தெரியும். யூரோப்பியத்தின் கிளர்ந்த எலக்ட்ரான் அண்டை அணுக்கள் வரை எட்டிப் பரவுவதால் அவற்றின் அதிர்வு முழுவதும் அதைத் தொடுகிறது. 1240ஐ நானோமீட்டர் அலைநீளத்தால் வகுத்தால் ஒளித்துகளின் ஆற்றல் எலக்ட்ரான் வோல்ட்டில் கிடைக்கும்: 650க்கு 1.9, 365க்கு 3.4. சிவப்பு டார்ச்சை எவ்வளவு நேரம் அடித்தாலும் நட்சத்திரம் ஏன் ஒளியேறவில்லை என்பதை மாணவர்கள் இந்த ஒரு வகுத்தலிலேயே பிடித்துக்கொள்கிறார்கள். ஒளியேற்றிய நட்சத்திரத்தை அரை மணி நேரம் உறைபெட்டியில் வைத்து எடுத்தால் மங்கலாக இருக்கும். அதன்மேல் இருட்டில் விரலை அழுத்தி எடுத்தால், விரல் பட்ட இடம் மட்டும் பிரகாசமாக எழுந்து வரும். படிகத்தின் பொறிகளில் சிக்கிய எலக்ட்ரான்களை உடம்பின் சூடே விடுவிக்கிறது. இத்தனை ஆண்டுகளில் இந்தச் செய்முறை ஒருமுறைகூடத் தவறியதில்லை.

எங்கள் பேராக் மாநிலத்துக் கிந்தா பள்ளத்தாக்கில் இருப்பவர்களுக்கு இன்னொரு வாய்ப்பும் உண்டு. ஈப்போவுக்கு அருகில் கிராமட் பூலாயில் ஒரு காலத்தில் ஷீலைட் என்னும் டங்ஸ்டன் தாது வெட்டியெடுக்கப்பட்டது. நண்பர் ஒருவரின் சேகரிப்பில் இருந்த அத்தகைய கல் என் டார்ச்சுக்கு அசையவே இல்லை. 254 நானோமீட்டர் விளக்கைக் காட்டியதும் வெளிர்நீலமாக எரிந்தது. அந்த விளக்கு கண்ணுக்கும் தோலுக்கும் தீங்கு செய்யும் என்பதால், புற ஊதாவைத் தடுக்கும் பாதுகாப்புக் கண்ணாடி அணியாமல் அதைப் போடக் கூடாது.

கேமரா நிறமாலைமானியைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன். எண் வேண்டுமென்றால் மட்டும் அதை எடுக்கிறேன். கேமராவுக்குள் இருக்கும் அகச்சிவப்புத் தடுப்பு வடிகட்டியைக் கழற்றாவிட்டால் 694 மங்கிப்போகும். தானியங்கி ஒளியளவை நிறுத்தாவிட்டால் செறிவுகளை ஒப்பிடுவதில் பொருளில்லை. நம் ஊர் வெயிலில் அதன் பிளாஸ்டிக் உடல் விரிந்து, காலையில் குறித்த அளவு மதியத்தில் இரண்டு நானோமீட்டர் வரை நகர்ந்துவிடுகிறது. ஒவ்வொரு முறையும் குழல்விளக்கின் பாதரசக் கோடுகளான 435.8, 546.1 ஆகியவற்றைக் கொண்டு சரிபார்த்தே அளக்கிறேன். கடைகளில் எல்.இ.டி. மட்டுமே கிடைக்கும் நிலை வருவதால் பழைய சுருள் குழல்விளக்குகள் இரண்டை இதற்கென்றே எடுத்து வைத்திருக்கிறேன்.

பராமரிப்பில் ஈரம்தான் பெரிய எதிரி. மாலை மழையும் செம்பனைக் காட்டின் ஈரக்காற்றும் இரண்டாம் ஆண்டிலேயே கண்துளை வில்லையில் பூஞ்சையைக் கொண்டுவந்தன. அதைப் பஞ்சால் துடைக்கப் போய்க் கீற்றணிப் படலத்தில் கீறல் விழுந்துவிட்டது. அன்றிலிருந்து நிறங்களின் மேல் மெல்லிய மூட்டம் இருக்கிறது. படலத்தைத் தொடவே கூடாது, காற்றூதும் ரப்பர்க் குமிழே போதும். பிளவில் தூசி சேர்ந்தால் நிறமாலைக்குக் குறுக்கே அல்லாமல் அதன் நீளத்தில் நெடுக ஓடும் கறுப்புக் கோடுகள் தெரியும். புதியவர்கள் அவற்றைப் பொருள் ஒளியை விழுங்குவதால் விழும் உட்கவர் கோடுகள் என்று நினைத்துவிடக்கூடும். இப்போது மூடி இறுகிய டப்பாவில் சிலிக்கா ஜெல்லோடு வைக்கிறேன். மாதத்துக்கு ஒருமுறை அந்த மணிகளைச் சட்டியில் இளஞ்சூட்டில் வறுத்து, ஆறவைத்துத் திரும்பப் போடுகிறேன். மூன்று ஆண்டுகளாகப் பூஞ்சை வரவில்லை.