பாட்டா, கதையா?

தரம் 3 படிக்கும் மகனுக்கு இரண்டையும் வாசித்துப் பார்த்தேன்.

பாட்டு உடனே ஒட்டிக்கொள்கிறது. நவாலியூர் சோமசுந்தரப் புலவரின் (1878–1953) ஆடிப்பிறப்புப் பாட்டு பள்ளி விடுமுறையில் தொடங்குகிறது. பயறு வறுத்து, மா இடித்து, அம்மா கொழுக்கட்டை அவிக்கும்வரை அடுப்படியே சந்தத்தில் துள்ளுகிறது. பொருள் புரியாத சொல்லையும் மகன் சத்தமாகவே பாடுகிறான்.

கதைக்குப் பொறுமை வேண்டும். ஆனால் பொய்யும் முழியும் கதையில்தான் விளைகின்றன. நாங்கள் வாசித்த கதையில், கணக்குக் கொப்பியை ஆடு தின்றதாகப் பொய் சொன்னவனின் வீட்டுக்கு ரீச்சர் வருகிறார். அவனுடைய அம்மம்மா பக்கத்து வீட்டு ஆட்டை இரவல் வாங்கிக் கட்டுகிறாள். இந்த இடத்தில் மகன் பாயில் உருண்டான்.

படுக்கும் நேரத்துக்குக் கதையே என் தேர்வு. கிணற்றடியில் குளிக்கும்போது மட்டும் அவன் ஆட்டை மறந்து கூழையும் கொழுக்கட்டையையும் பாடுகிறான்.