1989 ஆல்பத்தில் விட்டுப்போன ஐந்து பாட்டு: தேறுமா?

அமெரிக்கப் பாடகி டெய்லர் ஸ்விஃப்ட் கன்ட்ரி என்கிற அமெரிக்கக் கிராமிய இசையை ஓரங்கட்டிவிட்டு முழுசாகப் பாப் பக்கம் தாவியது 2014-இல் வந்த ‘1989’ ஆல்பத்தில். அதற்காக எழுதி, கடைசியில் கழித்துவிட்ட ஐந்து பாடல்கள் 2023 அக்டோபரில் வந்த மறுபதிவில்தான் வெளியாகின. கழித்த சரக்குதானே என்று தாண்டிப் போகாதீர்கள், இரண்டு பாட்டு அசலிலேயே இருந்திருக்க வேண்டியவை.

முதலாவது ‘இஸ் இட் ஓவர் நவ்?’. அசல் ஆல்பத்தின் ‘அவுட் ஆஃப் தி வுட்ஸ்’ பாட்டில் ஒரு விபத்தும் ஆஸ்பத்திரித் தையலும் வருமே, இங்கேயும் வெள்ளைப் பனியில் ரத்தம், அப்புறம் படகில் நீல உடை என்று அதே காதலின் மிச்சக் கதை ஓடுகிறது, ஆனால் அங்கே இருந்த பதற்றம் போய் இங்கே நல்ல கடுப்பு. அமெரிக்கப் பாடல் தரவரிசையான பில்போர்டு ஹாட் 100-இல் நேராக முதலிடத்துக்கு வந்தது, தகும். இரண்டாவது பாடலாசிரியர் டயான் வாரனோடு சேர்ந்து எழுதிய ‘சே டோன்ட் கோ’. போகாதே என்று ஒரு வார்த்தை சொல்லிவிடு, இருந்துவிடுகிறேன் என்று கெஞ்சுகிற பாட்டு, டிரம்ஸ் ஏற ஏற எண்பதுகளின் பெரிய மேடை கண்முன் வந்துவிடுகிறது. இதைப் போய் ஏன் விட்டார்கள்?

‘நவ் தட் வி டோன்ட் டாக்’ இரண்டரை நிமிடம்கூட இல்லை. இனிமேல் ஆசிட் ராக் இசை பிடிக்கிற மாதிரி நடிக்க வேண்டாம், பெரிய மனிதர்களோடு சொகுசுக் கப்பலில் உட்கார வேண்டாம் என்கிற இடத்தில் சிரித்துவிட்டேன், சூடுபிடிக்கும்போதே முடித்துவிடுகிறார்கள். ‘ஸ்லட்!’ தலைப்பைப் பார்த்துச் சண்டைப் பாட்டு என்று போனால் தாலாட்டு மாதிரி மெதுவாகப் போகிறது, அழகுதான். ‘சபர்பன் லெஜண்ட்ஸ்’ சுமார்.

ஒரே குறை, ஐந்தையும் டெய்லர் இசைத் தயாரிப்பாளர் ஜாக் ஆன்டனாஃபோடுதான் தயாரித்திருக்கிறார், அசலில் இன்னொரு தயாரிப்பாளர் மாக்ஸ் மார்ட்டின் கொடுத்த அந்தப் பளிச் இதில் இல்லை. 2014 ஒலியை எதிர்பார்த்துப் போனால் 2022-இல் வந்த ‘மிட்நைட்ஸ்’ ஆல்பத்தின் மங்கலான சின்தசைசர்தான் காதில் விழும். பாட்டு பழசு, சட்டை புதுசு. எனக்கு அந்த ஒலி பிடிக்கும் என்பதால் தப்பித்தது. ஹெட்போனில் கேளுங்கள், போன் ஸ்பீக்கரில் கீழ்ஸ்தாயி எல்லாம் காணாமல் போய்விடுகிறது.